மறைவான இடத்தில் சோதிக்கவும்

லேபிள்வாசி என்றொரு இனம் உண்டு. நீங்கள் பார்த்திருப்பீர்கள், பெயர்தான் தெரிந்திருக்காது. கார் சாமான்கள் விற்கும் கடையில், ஷாம்பூ அலமாரிக்கும் மெழுகு அலமாரிக்கும் நடுவே, போகிற வருகிறவர்களுக்கு வழிவிடாமல், மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு, ஒரு பாட்டிலின் முதுகுப்பக்கத்தைக் கண்ணுக்கு நேரே பிடித்து, உதடு மட்டும் அசைய வாசித்துக்கொண்டு நிற்பாரே ஒருவர், அவர்தான். நீங்கள் கடைக்குள் நுழையும்போதும் அங்கே நிற்பார். ஒரு பல்பு, ஒரு வைப்பர், தேவையே இல்லாத ஒரு கழுத்துத் தலையணை எல்லாம் வாங்கி, பேரம் பேசித் தோற்று, நீங்கள் வெளியே வரும்போதும் அங்கேதான் நிற்பார். பாட்டில் மட்டும் மாறியிருக்கும்.

வாங்குவாரா? வாங்குவார், அதில் சந்தேகமே வேண்டாம். கழுவுவாரா? அதை மட்டும் கேட்காதீர்கள்.

லேபிள்வாசிக்குக் கார் மேல் பிரியம் என்று ஊரில் எல்லோரும் நினைக்கிறார்கள். சுத்தப் பொய். அவருடைய பிரியமெல்லாம் காரின் பெயின்ட் மேல்தான். இன்ஜினிலிருந்து ஏதோ ஒரு சத்தம் வருகிறது என்று சொல்லுங்கள், "புதுசுன்னா அப்படித்தான் இருக்கும்" என்று சிரித்துக்கொண்டே போய்விடுவார். கதவில் ஒரு மயிரிழை அளவுக்குக் கீறல் தெரிகிறது என்று சொல்லிப் பாருங்கள். இரண்டு வேளை சோறு இறங்காது.

இந்த இனத்தில் ஒருவரை உங்களுக்கு அறிமுகப்படுத்துகிறேன். ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பின் மூன்றாவது மாடியில் இருக்கிறார். அலுவலகத்தில் பதிவேட்டுப் பிரிவின் கண்காணிப்பாளர். இருபத்தெட்டு வருஷ உத்தியோகத்தில் அவர் மேஜைக்கு வந்த எந்தக் கோப்பும் "மேலும் ஆராய்க" என்ற இரண்டு சொற்களை ஓரத்தில் வாங்கிக்கொள்ளாமல் திரும்பிப் போனதில்லை. குடியிருப்பில் அவருக்கு ஷாம்பூ சார் என்று பெயர். இந்தப் பெயரைச் சூட்டியவர் வாட்ச்மேன். சூட்டும்போது அதில் மரியாதை இருந்ததா என்பதை வாட்ச்மேனிடம்தான் கேட்க வேண்டும்.

ஒன்பது மாதத்துக்கு முன்னால் ஷாம்பூ சார் ஒரு கார் வாங்கினார். நல்ல நீல நிறம். அந்த ஒன்பது மாதத்தில் அவர் வாங்கிய கார் ஷாம்பூக்கள் இருபத்து மூன்று. கார் கழுவப்பட்டது ஒரு தடவைகூட இல்லை.

ஏன் என்று கேட்கிறீர்கள். அதற்கு அவரிடம் காரணங்கள் உண்டு, ஒவ்வொன்றும் வலுவானது. வெறும் தண்ணீர் ஊற்றலாம் என்றால் குழாய்த் தண்ணீரில் உப்பு. உலர்ந்த துணியால் தட்டலாம் என்றால் தூசியே உப்புத்தாளாக மாறிப் பெயின்டைத் தேய்த்துவிடும். உறை போட்டு மூடலாம் என்றால் உறைக்கும் காருக்கும் நடுவில் தூசி மாட்டிக்கொண்டு அங்கேயே குடித்தனம் நடத்தும். வெயிலில் கழுவினால் திட்டுத் திட்டாகக் காயும், நிழலில் கழுவினால் காயவே காயாது. ஆகவே, சரியான ஷாம்பூ கிடைக்கும்வரை காரை யாரும் தொடக் கூடாது, தூசிமேல் தூசி அதன் பாட்டுக்குப் படியட்டும், மேலே படிகிற தூசி கீழே இருக்கிற பெயின்டுக்கு ஒரு போர்வைதானே என்கிற முடிவுக்கு அவர் வந்து சேர்ந்தார்.

வாட்ச்மேன் நல்ல மனுஷர். ஒரு நாள் வாய்விட்டுக் கேட்டார்.

"சார், பாத்திரம் வெளக்குற சோப்பு கொஞ்சம் பக்கெட்ல கலக்கி ஒரு அலசு அலசி விட்டுரவா? பாக்கவே பாவமா இருக்கு."

ஷாம்பூ சார் வாட்ச்மேனைக் கையைப் பிடித்து நிறுத்தினார். பாத்திர சோப்பு எண்ணெய்ப் பிசுக்கை எடுக்கும், பெயின்டின் மேலிருக்கும் மெழுகுப் பூச்சும் ஒருவகைப் பிசுக்குதான், அது போய்விட்டால் பெயின்ட் வெற்றுடம்போடு வெயிலில் நிற்கும், அமிலமும் கூடாது, காரமும் கூடாது, இரண்டுக்கும் நடுவில் ஏழு என்ற ஓர் எண் இருக்கிறது, அந்த ஏழில்தான் உலகத்தின் நிம்மதி எல்லாம் அடங்கியிருக்கிறது என்று நாற்பது நிமிஷம் விளக்கினார். அந்த நாற்பது நிமிஷமும் கேட்டுக்கு வெளியே நாலு கார்கள் ஹாரன் அடித்துக்கொண்டே நின்றன. வாட்ச்மேன் ஓடிப்போய்க் கேட்டைத் திறந்தார். பிறகு தன்னுடைய நோட்டில் ஏழாம் எண் பார்க்கிங் இடத்துக்கு நேராக "மண் கலர் கார்" என்று எழுதிக்கொண்டார்.

சரி, வாங்கிய இருபத்து மூன்றில் ஒன்றுகூடவா தேறவில்லை? அவரிடம் கேட்டுப் பாருங்கள். முதல் பாட்டிலில் எலுமிச்சை வாசனை. எலுமிச்சை என்றால் அமிலம். இரண்டாவதில் வாசனையே இல்லை, எதையோ மறைக்கிறான். ஐந்தாவதில் நுரை அதிகம். எட்டாவதில் நுரை போதாது. பதினொன்றாவது பாட்டிலில் எச்சரிக்கைகள் பதினான்கு, பயந்துபோய் மூடிவிட்டார். பன்னிரண்டாவதில் எச்சரிக்கையே இல்லை. எச்சரிக்கை போடாதவனை எப்படி நம்புவது?

ஆனால் இவை எல்லாம் சில்லறைக் காரணங்கள். உண்மையான காரணம் எல்லா பாட்டில்களின் முதுகிலும் பொடி எழுத்தில் இருந்த ஒரு வரி. "முதலில் மறைவான ஓர் இடத்தில் சோதித்து, இருபத்து நான்கு மணி நேரம் கழித்துப் பயன்படுத்தவும்."

நீங்களும் நானும் இந்த வரியைப் படித்ததே கிடையாது. படித்தாலும் அது நமக்கு எழுதியது என்று நினைத்ததில்லை. ஷாம்பூ சார் அதை எழுத்துக்கு எழுத்து நிறைவேற்றினார். பெட்ரோல் மூடியின் உட்புறம், கதவு விளிம்பின் உள்பக்கம், டிக்கியின் உதடு, பம்பரின் அடிவயிறு என்று தரையில் மல்லாந்து படுத்துத் தபால்தலை அளவுக்கு ஒவ்வோர் இடமாகப் பிடித்தார். சொட்டு மருந்து விடுகிற குழாயால் இரண்டே சொட்டு. லிட்மஸ் தாள். பூதக்கண்ணாடி. மறுநாள் அதன் வழியாகப் பார்த்தால் ஒவ்வோர் இடத்திலும் நிறம் ஒரு நூல் மங்கின மாதிரியே அவருக்குப் பட்டது. ஒரு நோட்டில் காரின் படத்தை மேலிருந்தும் கீழிருந்தும் வரைந்து, எந்த ஷாம்பூ எந்த இடத்தில் என்று சிவப்பு மையில் குறித்துக்கொண்டார். ஒருமுறை சோதித்த இடத்தில் மறுபடி சோதிக்கக் கூடாது, பழைய ஷாம்பூவின் பாதிப்பு எது, புதிய ஷாம்பூவின் பாதிப்பு எது என்று தெரியாமல் போய்விடும். இது லேபிளில் இல்லாத விதி, அவரே சேர்த்துக்கொண்டது.

ஆக, இருபத்திரண்டாவது ஷாம்பூவோடு காரில் மறைவான இடங்கள் தீர்ந்துபோயின.

இப்படி ஒரு கட்டத்தில் போய்த்தானா அவர் மகளுக்குக் குழந்தை பிறக்க வேண்டும்? பிறந்தது. பெண் குழந்தை. மாப்பிள்ளை வேலையாக வெளியூரில் இருந்தார், ஞாயிற்றுக்கிழமைதான் வர முடியும். வியாழக்கிழமை பதினோரு மணிக்கு மருத்துவமனையிலிருந்து வீட்டுக்குப் போகலாம் என்று டாக்டர் சொன்னதும் மகள் அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அப்பா, பாப்பா நம்ம வண்டியிலதான் வீட்டுக்கு வரணும். நான்தானே கலர் செலக்ட் பண்ணேன்? ஒரு தடவையாவது அந்த நீலத்தப் பாக்கணும்பா."

"அதுக்கென்னம்மா, ஜம்முன்னு கொண்டு வர்றேன்" என்றார் ஷாம்பூ சார். மனதாரத்தான் சொன்னார். புதன்கிழமை சாயங்காலம் இருபத்து மூன்றாவது பாட்டில் கூரியரில் வந்து சேர்ந்திருந்தது. அதில் காரம், அமிலம், வாசனை, நுரை எல்லாம் அவர் கேட்ட கணக்குப்படியே இருந்தன. முதுகில் அந்த ஒரு வரியும் இருந்தது.

வியாழக்கிழமை காலை ஏழு மணிக்குக் கீழே இறங்கி வந்தார். பார்க்கிங் கூரையின் குழாய்மேல் ஒரு புறா உட்கார்ந்திருந்தது. பானெட்டின் நட்டநடுவில், உள்ளங்கை அகலத்துக்கு, அது செய்துவிட்டுப் போனது கிடந்தது. போனது என்று சொல்வது தப்பு. அது போகவில்லை, அங்கேயே உட்கார்ந்து அவரைப் பார்த்துக்கொண்டிருந்தது.

பறவை எச்சத்தைப் பற்றி ஷாம்பூ சாருக்குத் தெரியாததா? அது பெயின்டை அரிக்கும். உடனே எடுக்க வேண்டும். தேய்க்கக் கூடாது, அதிலுள்ள மணல் கீறும். எடுப்பதென்றால் சரியான பொருளால் எடுக்க வேண்டும். சரியான பொருள் கையில்தான் இருக்கிறது. ஆனால் அதை முதலில் மறைவான ஓர் இடத்தில் சோதித்து இருபத்து நான்கு மணி நேரம் காத்திருக்க வேண்டும், மறைவான இடமோ ஒன்றுகூட மிச்சமில்லை. கையைப் பிசைந்துகொண்டு காரை நாலு முறை சுற்றி வந்தார். ஐந்தாவது சுற்றில் ஒரு வழி பிறந்தது. கண்ணாடிக்கு நீர் தெளிக்கும் சின்னக் குழாய்மூக்கின் அடியில் ஒரு கடுகளவு இடம் பாக்கி இருந்தது. இரண்டு சொட்டு விட்டார். மணி பார்த்தார். ஏழு இருபத்தைந்து. அதாவது நாளைக் காலை ஏழு இருபத்தைந்து.

மகளோ இன்று பதினோரு மணிக்கு.

இந்த இடத்தில் நீங்களாக இருந்தால் என்ன செய்திருப்பீர்கள்? ஷாம்பூ சார் மருத்துவமனைக்குப் போன் போட்டார்.

"வணக்கம்மா. நாலாம் நம்பர் ரூம்ல இருக்கிறது என் பொண்ணு. இன்னிக்குப் பதினோரு மணிக்கு டிஸ்சார்ஜ்னு போட்டிருக்கு. அத நாளைக்கு மாத்திக்கலாமா?"

"ஏன் சார்? குழந்தைக்கு ஏதாவது..." நர்ஸின் குரலில் பதற்றம்.

"குழந்தை நல்லாத்தாம்மா இருக்கு. வண்டிதான்."

"வண்டி ஓடலியா சார்?"

"அதெல்லாம் நல்லா ஓடும். மேல புறா எச்சம் போட்டுருச்சு."

நர்ஸ், மனநிலை சரியில்லாதவர்களின் வீட்டாரிடம் பேசிப் பழகிய குரலில், "கவலப்படாதீங்க சார், வேணும்னா எங்க ஆம்புலன்ஸ்லயே கொண்டுவந்து விட்டுர்றோம்" என்றாள்.

ஷாம்பூ சாருக்குக் கண்கள் விரிந்தன. "ஆம்புலன்ஸ் நல்ல வெள்ளையா இருக்குமே, பாத்திருக்கேன். எதுலம்மா கழுவுறீங்க?"

போனை வைத்துவிட்டாள்.

இதற்குள் மணி பத்தேகாலாகிவிட்டது. நடுவில் மூன்று மணி நேரம் என்ன செய்தார் என்று கேட்கிறீர்களா? இருபத்து மூன்று லேபிள்களையும் முதலிலிருந்து ஒருமுறை படித்தார்.

மருத்துவமனைக்குக் கொண்டுபோக வேண்டிய பையைத் தோளில் மாட்டிக்கொண்டு அவர் மனைவி கீழே வந்தார். தொடக்கப்பள்ளி ஆசிரியை. முப்பது வருஷமாக அடுத்தவர் பிள்ளைகள் சிந்தியதையும் கக்கியதையும் துடைத்துப் பழகிய கை. காரைப் பார்த்தார், எச்சத்தைப் பார்த்தார், பூதக்கண்ணாடியோடு குனிந்திருந்த புருஷனையும் பார்த்தார்.

"என்னங்க, கெளம்பலியா?"

"எப்படிக் கெளம்புறது? நாளைக்கு ஏழு இருபத்தஞ்சு வரைக்கும் எதுவும் செய்யக் கூடாது. உன் பொண்ணுகிட்ட நீயே பக்குவமா எடுத்துச் சொல்லு."

மனைவி பக்குவமாக எதையும் எடுத்துச் சொல்லவில்லை. பையின் ஜிப்பைத் திறந்தார். குழந்தையைத் துடைக்க வாங்கி வைத்திருந்த ஈரத்தாள் பாக்கெட்டிலிருந்து இரண்டை உருவி எச்சத்தின் மேல் போர்த்தினார்.

"ஐயோ! என்னது அது? எந்தக் கம்பெனி? பின்னால என்ன போட்டிருக்கு?"

"கொஞ்சம் சும்மா இருங்க. ஊறட்டும்."

பாக்கெட்டைப் பிடுங்கி அவர் பின்பக்கத்தைப் படித்துக்கொண்டிருக்கும்போதே, மனைவி தாளின் நான்கு மூலைகளையும் கூட்டி, தேய்க்காமல், அப்படியே தூக்கி எடுத்துவிட்டார். ஒன்பது மாத ஆராய்ச்சி ஐந்து நிமிஷத்தில் குப்பைக்கூடைக்குப் போயிற்று.

பானெட்டின் நடுவில் ஒரு சாப்பாட்டுத் தட்டளவுக்கு வட்டமாக நீலம் தெரிந்தது.

ஷாம்பூ சார் அந்த நீலத்தைப் பார்த்தபடியே நின்றார். ஷோரூமில் இதே இடத்தில் கை வைத்துக்கொண்டு, "அப்பா, இதையே எடுத்துக்கலாம்பா" என்று மகள் சொன்னது அவருக்கு ஞாபகம் வந்தது. அன்றைக்குப் பார்த்த நிறம். அதற்கப்புறம் அவர் பெட்ரோல் மூடிக்குள்ளும் பம்பருக்கு அடியிலும் தபால்தலை தபால்தலையாகப் பார்த்தாரே தவிர, முழுசாகப் பார்க்கவே இல்லை. அவருக்கு வெட்கமாக இருந்தது.

திருந்திவிட்டார் என்று நினைக்கிறீர்களா? அடுத்த வாக்கியம் இது: "இப்ப இந்த எடம் மட்டும் தனியாத் தெரியுதே, கொஞ்சம் தூசி எடுத்து மேல தூவி விட்டுரலாமா?"

மனைவி காரில் ஏறிக் கதவைச் சாத்தினார். சாத்திய விதத்தில் ஷாம்பூ சாருக்கு விஷயம் புரிந்தது.

ஆனாலும் பாருங்கள், பழக்கம் விடுமா? முன்னால் போகிற வண்டிகளின் சக்கரம் கல்லைத் தெறிக்கவிடும் என்பதால் அவருக்கு முன்னால் இருநூறு அடிக்கு யாரும் இருக்கக் கூடாது. பஸ், லாரி, சைக்கிள், கடைசியில் ஒரு தள்ளுவண்டி வரைக்கும் எல்லோருக்கும் வழிவிட்டு வழிவிட்டு, அவர் மருத்துவமனை வாசலுக்கு வந்து சேர்ந்தபோது மணி பன்னிரண்டு பத்து.

வாசலில் மகள் நின்றுகொண்டிருந்தாள், கையில் துணிச்சுருளாகக் குழந்தை. அவளுக்கு முன்னால் ஒரு டாக்ஸி கதவைத் திறந்துகொண்டு நின்றது. பழைய வண்டி, ஆனால் முகம் பார்க்கலாம், அப்படி ஒரு பளபளப்பு. டிரைவர் ஒரு பக்கெட்டும் துணியுமாக அதன் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

மகள் அப்பாவின் காரை மேலும் கீழும் பார்த்தாள். மண் நிறத்தில் ஒரு கார், நடுவில் ஒரு நீலத் தட்டு. அவளுக்கு அழுகை வந்தது. பிரசவம் ஆன உடம்பு, ஒரு மணி நேரமாக நிற்கிறாள்.

"நீங்க வர மாட்டீங்கன்னு நெனச்சு டாக்ஸிக்குச் சொல்லிட்டேன்பா. நாங்க இதுலயே போறோம். நீங்க உங்க பெயின்ட பத்திரமாக் கொண்டு வந்து சேருங்க."

இருபத்தெட்டு வருஷ உத்தியோகத்தில் ஷாம்பூ சாரிடம் இப்படி ஒரு கோப்பு வந்ததில்லை. ஓரத்தில் எழுத ஒன்றும் தோன்றவில்லை. விறுவிறுவென்று டாக்ஸி டிரைவரிடம் போனார்.

"தம்பி, அந்தப் பக்கெட்டக் கொஞ்சம் குடுங்க."

"அழுக்குத் தண்ணி சார்."

"பரவால்ல, குடுங்க."

ஊற்றினார். உச்சி வெயில், நடு வாசல், அழுக்குத் தண்ணீர், கந்தல் துணி. இருபத்து மூன்று லேபிள்களும் எதையெல்லாம் கூடாது என்று தடுத்தனவோ அத்தனையும் ஒரே சமயத்தில் நடந்தன. பானெட்டில் ஊற்றினார், கூரையில் ஊற்றினார், தோட்டக்குழாயில் பக்கெட்டை மறுபடி நிரப்பிக் கதவுகளில் வாரி அடித்தார். சட்டை நனைந்து உடம்போடு ஒட்டியது. வாசலில் காவல்காரரும் நர்ஸும் கட்டுப்போட்ட கையோடு ஒரு நோயாளியும் வந்து நின்று வேடிக்கை பார்த்தார்கள். மூன்றாவது பக்கெட்டில் மட்டும் ஒரு கணம் கை நின்றது. "இது போர் தண்ணியா?" என்று கேட்டார். மனைவி பார்த்த பார்வையில் பதிலுக்குக் காத்திராமல் ஊற்றிவிட்டார்.

காரின் நீலம் முழுசாக வெளியே வந்தது. அங்கங்கே கோடு கோடாகத் தண்ணீர் வழிந்தது, நாலு கீறலும் விழுந்திருந்தது. ஷாம்பூ சார் அதைப் பார்த்தார், பார்த்துவிட்டு மகள் பக்கம் திரும்பினார்.

"இப்பப் போலாமாம்மா?"

மகள் அழுதுகொண்டே சிரித்தாள். டாக்ஸி டிரைவருக்கு வந்து போன காசையும் பக்கெட்டையும் கொடுத்து அனுப்பிவிட்டு, குழந்தையை நீலக் காரில்தான் வீட்டுக்குக் கொண்டு வந்தார்கள். வாட்ச்மேன் கேட்டில் வண்டியை நிறுத்தி, "யார் வீட்டுக்குப் போகணும்?" என்று கேட்டார்.

இத்தோடு முடித்தால் நல்ல கதையாக இருக்கும். ஆனால் லேபிள்வாசி என்பது ஒரு இனம் என்று முதலிலேயே சொன்னேன். இனம் ஒரு பக்கெட் தண்ணீரில் மாறுமா?

மறுநாள் இருபத்து மூன்று பாட்டில்களும் வாட்ச்மேனிடம் போய்ச் சேர்ந்தன. அவர் அவற்றை வைத்து மூன்று மாடிப் படிக்கட்டையும் கழுவினார், இன்னும் வழுக்குகிறது. ஷாம்பூ சார் காரைத் திரும்பிப் பார்ப்பதே இல்லை. சாப்பாட்டு மேஜையில் ஒன்பது குழந்தை சோப்புகளை வரிசையாக அடுக்கி, மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். பக்கத்தில் லிட்மஸ் தாள். நோட்டில் ஒரு புதுப் பக்கம். அதில் கை, கால், தலையோடு குழந்தையின் படம், மேலிருந்தும் கீழிருந்தும்.

"என்னம்மா, பாப்பாவுக்கு மறைவான எடம்னு பாத்தா எத எடுத்துக்கலாம்? காதுக்குப் பின்னாலயா?" என்று தலை நிமிராமல் கேட்டார்.

கேட்டுவிட்டு நிமிர்ந்து பார்த்தார். மனைவி குழந்தையைக் குளிப்பாட்டி, துவட்டி, மகள் மடியில் போட்டுத் தூங்கவும் வைத்துவிட்டிருந்தார்.

"குளிப்பாட்டியாச்சா? எதுல?"

"வெந்நீர்ல."

ஷாம்பூ சார் பேனாவை எடுத்தார். நோட்டின் ஓரத்தில், சிவப்பு மையில், அலுவலகத்தில் எழுதும் அதே இரண்டு சொற்களை எழுதினார்.

நீங்கள் சிரிக்கிறீர்கள், சிரியுங்கள். ஆனால் ஒன்று கேட்கிறேன், கோபித்துக்கொள்ளக் கூடாது. கார் பெயின்டுக்குப் பாதகமில்லாத ஷாம்பூ எது என்று நான் எங்கேயாவது ஓரிடத்தில் சொல்லிவிடுவேன் என்றுதானே இத்தனை நேரம் வரிவரியாகப் படித்துக்கொண்டு வந்தீர்கள்? எலுமிச்சை வாசனை வந்த இடத்தில் ஒருமுறை நின்றீர்கள். ஏழு என்ற எண்ணை மனதில் குறித்துக்கொண்டீர்கள். இந்த வாக்கியத்தில்கூட அந்தப் பெயர் வந்துவிடுமோ என்று பார்க்கிறீர்கள். வராது. எழுந்து ஜன்னல் வழியாக எட்டிப் பாருங்கள். நீங்கள் படிக்க உட்கார்ந்தபோதே உங்கள் வண்டிக்கு மேலிருந்த குழாயில் ஒரு புறா வந்து உட்கார்ந்தாயிற்று.